ஸ்டேஷன் வாசலில் நின்ற புள்ளி

மறுபடியும் மணி அடித்து அடித்து ஓய்ந்துபோனது; அவன் எடுக்கவில்லை. அத்திகா இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்துவிட்டுப் போனைப் பார்த்தாள். கஞ்சி தெளிக்கும் பாட்டிலில் சாய்ந்தபடி அது வரைபடத்தைக் காட்டிக்கொண்டிருந்தது. ஸ்டேஷனின் தெற்கு வாசல். வாசலோரம் ஒரு பச்சைப் புள்ளி. அதற்குள் நகத்தளவு கணவன் ரோஜாலியின் முகம். கல்யாணமான வருஷம் எடுத்த படம். அதில் அவன் இன்னும் மெலிந்து, இன்னும் அதிகமாகச் சிரித்துக்கொண்டிருந்தான்.

வெளியே தூறல்தான். ஆனால் இந்தச் சந்தில் தலைக்கு மேல் பெய்யும் மழையை யாரும் பொருட்படுத்துவதில்லை. போகோர் மலையில் பெய்ததுதான் கணக்கு. அந்தத் தண்ணீர் ஆற்றில் இறங்கி, தெப்போக்கைத் தாண்டி, ஜகார்த்தாவுக்குள் புகுந்து, சந்தின் கடைசி வீட்டுப் படியில் முதலில் ஏறும். அதற்குப் பிறகு யாருடைய படி என்பது தண்ணீரின் விருப்பம்.

சற்று முன்புதான் சந்திலிருந்த போன்கள் எல்லாம் ஒன்றாக அலறின. அந்த வெள்ள எச்சரிக்கை ஆற்றோரமாக இருக்கும் போன்களுக்கு மட்டும் வரும். போன வருஷம், பெரிய ரோட்டுக்கு அந்தப் பக்கம் சூப் விற்கிறவர் வந்து சண்டை போட்டார். "என் வீடு ஆத்தோரம்தானே? என் போன் மட்டும் ஏன் கத்தல?" என்றார். "உன் வீடு இங்க இருக்கு. உன் போன் உன்கூட ரோட்டுல இருந்துச்சு. நீ ராத்திரி எங்க தூங்குவேன்னு அதுக்கு யாரு சொன்னா?" என்று யாரோ கேட்க, சந்தே சிரித்தது. அவருடைய மெத்தை நனைந்தது நனைந்ததுதான்.

இன்றைய அலறலோடு வந்த செய்தி இன்னும் திரையின் உச்சியில் இருந்தது. மாலை மக்ரிப் தொழுகைக்கு முன் தண்ணீர் வந்துவிடும். ஆற்றங்கரையில் இருப்பவர்கள் உடனே மேட்டுக்குப் போகவும்.

சந்தில் கட்டில்கள் மாடிக்கு ஏறிக்கொண்டிருந்தன. குளிர்சாதனப் பெட்டி ஒன்றை நாலு பேர் தூக்க, ஐந்தாவது ஆள் யோசனை சொல்லிக்கொண்டிருந்தான். அத்திகா தான் வேலை செய்யும் சலவைக் கடையில், கிலோக் கணக்கில் எடைபோட்டு வாங்கிய துணி மூட்டைகளை மேல் தட்டுகளில் அடுக்கினாள். ஒரு மூட்டை வைத்ததும் போனைப் பார்ப்பாள். புள்ளி அங்கேயே இருந்தது.

இந்தப் புள்ளியை வைத்துத்தான் அவள் நாள் நகர்ந்தது. புள்ளி பாலத்தைத் தாண்டினால் மிளகாய்ச் சம்பல் சட்டியைச் சூடாக்கலாம். சுரங்கப்பாதையில் நின்றால் இன்னும் கொஞ்சம் துணி மடிக்கலாம். எங்கே இருக்கிறாய் என்று அவனிடம் கேட்டே வெகுகாலமாகிவிட்டது. கேட்காமலே தெரிந்துகொள்வது அன்பில் ஒரு படி மேல் என்றுகூட அவள் ஒரு சமயம் நினைத்திருக்கிறாள்.

போன் அதிர்ந்தது. அவனில்லை. ஓஜேக் ஓட்டுகிறவர்களின் குழு. ரோஜாலியைப்போல் பைக்கில் ஆள் ஏற்றிப் பிழைக்கிறவர்கள். இவர்கள் கூடும் கொட்டகைக்கு பேஸ்கேம்ப் என்று பெயர், தலைவன் ஜுப்ரி. போன வெள்ளத்தின்போது வீட்டுக்காரிகளையும் குழுவில் சேர்த்துவிட்டார்கள். ஜுப்ரியின் குரல் மழையிரைச்சலோடு வந்தது.

"ஆத்துப் பக்கம் இருக்கறவனெல்லாம் மேல ஏறிட்டு ஒரு வார்த்தை சொல்லுங்கடா. சும்மா கட்டைவிரல் படம் அனுப்பாதீங்க. வாயத் தொறந்து பேசுங்க, உயிரோட இருக்கீங்கன்னு நான் நம்பணும்."

ஒவ்வொருவராகப் பேசினார்கள். ஒருவன் இருமினான். ஒருவன் பசிக்கிறது என்றான். ரோஜாலி பேசவில்லை. கொஞ்சம் பொறுத்து மறுபடியும் ஜுப்ரி: "ரோஜாலி ஸ்டேஷன் வாசல்ல நிக்கிறான், புள்ளி தெரியுது. அங்க மேடுதான். அவன் பத்திரம். அடுத்து யாரு?"

அவன் பத்திரம். அந்த வார்த்தையை அத்திகா திருப்பித் திருப்பிக் கேட்டாள். அதற்குள் போய் உட்கார்ந்துகொண்டு கதவைச் சாத்திக்கொள்ளலாம் போலிருந்தது. யாரும் அவளை எதுவும் கேட்கப் போவதில்லை. புள்ளியே சாட்சி.

அவள் கை இஸ்திரித் துணியை இறுக்கிப் பிடித்திருந்தது.

அந்தப் புள்ளி பொய் என்று அவளுக்குத் தெரியும்.

போன மாதம் அவன் குளித்துக்கொண்டிருந்தபோது, தொழுகை நேரம் பார்க்க அவன் போனை எடுத்தாள். அதில் புதிதாக ஒரு செயலியின் படம் இருந்தது. தொட்டதும் வரைபடம் விரிந்தது. நடுவில் ஒரு ஊசி. விரலால் இழுத்தால் ஊசி எங்கே வேண்டுமானாலும் போய் நின்றது. மொனாஸ் கோபுரத்தின் உச்சியில் நின்றது. கடலில் நின்றது. ஒரு கணம் விளையாட்டாகத்தான் இருந்தது. பிறகுதான் புரிந்தது. ஓட்டுநர்கள் இதைத் துயுல் என்பார்கள். பணத்தாசை பிடித்தவன் ரகசியமாக வளர்க்கும் மொட்டைத்தலைக் குட்டிப் பேய்க்குத்தான் அந்தப் பெயர். அது அடுத்த வீட்டுக் காசைத் திருடிக்கொண்டு வரும். இது அடுத்தவன் சவாரியைத் திருடிக்கொண்டு வந்தது. ஆள் எங்கோ இருப்பான். அவன் போன் மட்டும் ஸ்டேஷன் வாசலில் வரிசையின் முன்னால் நிற்பதாகக் சவாரி அனுப்பும் கம்பெனி நம்பும்.

"எல்லாரும் பண்றதுதான் திகா" என்றான் ரோஜாலி, தலையைத் துவட்டிக்கொண்டே. "வாசல்ல புகை, வெயிலு. பழைய ஓஜேக்காரங்களோட தினம் சண்டை. போன் அங்க நிக்கட்டும், நான் நிழல்ல நிக்கிறேன்."

"எந்த நிழல்ல, பாங்?" புருஷனையும் மூத்த ஆண்களையும் இங்கே கூப்பிடுகிற சொல் அது.

"இங்கதான். பக்கத்துல."

அவள் மேலே கேட்கவில்லை. கேட்டிருக்கலாம். வாயில் வந்த கேள்வியை ஏன் விழுங்கினோம் என்று பிறகு பல தடவை யோசித்தாள். அவன் பொய் சொல்வான் என்று பயந்ததாக முதலில் நினைத்தாள். அது இல்லை. அவன் உண்மையைச் சொல்லிவிடுவான் என்றுதான் பயம்.

ஏனென்றால், அதற்கும் முன்னாலிருந்தே அவன் பச்சைச் சட்டையில் ஒரு வாசனை வந்துகொண்டிருந்தது. பழுத்த பலாப்பழ வாசனை. பையில் மஞ்சளாக, மெத்தென்று, கையில் ஒட்டும் மாவுத் துணுக்குகள். அதில் பாலாடைக்கட்டியும் முட்டையும் மணத்தன. கால்சட்டையின் பின்பக்கத்தில் துருக்கறை. ஓரங்களில் ஆற்றுச் சேறு. இந்தச் சந்தில் பிறந்தவளுக்கு அந்தச் சேற்றை முகர்ந்து பார்க்கத் தேவையில்லை. இவற்றையெல்லாம் கூட்டிப் பார்த்து அத்திகா மனதுக்குள் ஒரு பெண்ணைச் செய்தாள். ஆற்றோர வீடு. துருப்பிடித்த இரும்பு நாற்காலி. பலாப்பழம் போட்டுக் கேக் செய்கிறவள். முதலில் முகமில்லாமல் இருந்தவளுக்கு நாளாக ஆக முகம் வந்தது. ஜன்னலில் ஊதாத் திரை வந்தது. சிரிக்கும்போது வாயைப் பொத்திக்கொள்ளும் பழக்கம்கூட வந்தது. மற்றவர் துணியோடு சேர்க்காமல் அந்தச் சட்டையைத் தனி வாளியில் அத்திகா துவைத்தாள்.

விசித்திரம் என்னவென்றால், அதற்குப் பிறகுதான் புள்ளியை அவள் இன்னும் அதிகமாகப் பார்த்தாள். பொய் என்று தெரிந்த ஒன்றை இத்தனை ஆசையோடு பார்க்க முடியும் என்று அவள் நினைத்ததே இல்லை. புள்ளி ஸ்டேஷனில் நிற்கும்வரை அவன் அந்த வீட்டில் இல்லை. அவ்வளவுதான். அது அவனுக்காக மட்டுமல்ல, அவளுக்காகவும் பொய் சொல்லிக்கொண்டிருந்தது.

ஒரு மூட்டையைத் தூக்கப் போனவள் அப்படியே நின்றாள்.

சூப் விற்கிறவரின் போன். ரோட்டில் இருந்த போன்.

ரோஜாலியின் போன் தான் ஸ்டேஷனில் இருப்பதாகச் சொல்லிக்கொண்டிருக்கிறது. ஸ்டேஷன் மேடு. அந்தப் போன் அலறியிருக்காது. அவனோ ஆற்றோரத்தில். அந்தச் சேறு, இன்று காலை துவைத்த கால்சட்டையிலும் இருந்தது.

கடையின் இரும்புக் கதவைப் பாதி இழுத்துவிட்டு அவள் ஓடினாள்.

மேம்பாலத்துக்கு அடியில்தான் பேஸ்கேம்ப். ஒரு தார்ப்பாய், இரண்டு பெஞ்சு, ஒரு காபிக் கெட்டில். நகப் பூச்சால் பெயர் எழுதிய கண்ணாடி டம்ளர்கள் வரிசையாகக் கம்பியில் கவிழ்ந்திருக்கும். துயுல் வைத்துப் பிடிபட்டவனின் டம்ளரை ஜுப்ரி எடுத்துப் பூனைக்கு வைத்துவிடுவான். அதோடு அவன் உறவு முடிந்தது; விபத்தில் கிடந்தாலும் பேஸ்கேம்ப் பைக் ஒன்றும் அவனுக்காகக் கிளம்பாது. பூனை இப்போது பால் குடிக்கும் டம்ளர் ஜுப்ரியின் சொந்த மச்சானுடையது.

"என்ன நெங், இப்படி நனைஞ்சு வந்திருக்கே?" என்று தங்கையைக் கூப்பிடுவதுபோலக் கேட்டு எழுந்தாள் வார்தி. அந்தக் கூட்டத்தில் பைக்கில் சவாரி ஏற்றும் ஒரே பெண், அகலமான தோள், குரலும் அகலம். "வீட்டுல தண்ணி ஏறிடுச்சா?"

"ரோஜாலி போன் எடுக்கல, எம்போக்" என்றாள் அத்திகா. வார்தியை அவள் அக்கா முறைவைத்துத்தான் கூப்பிடுவாள்.

"ஸ்டேஷன்ல இருக்கான்டி. சார்ஜ் போட்டுட்டுத் தூங்குறானோ என்னவோ."

"அதான் புள்ளி தெரியுதே" என்றான் சாரோனி, ஈர மழைச்சட்டையைப் பிழிந்துகொண்டே. அவன் ஒல்லியான ஆள். எப்போதும் எதையாவது பறிகொடுத்தவன் முகம். "நானும் அங்கதான் இருந்தேன், காலையிலேர்ந்து. ஒரு சவாரி வரல. இவனுக்கு மட்டும் எப்படித்தான் வருதோ."

"அங்க அவரைப் பாத்தீங்களா?"

சாரோனி யோசித்தான். "பாக்கல. கூட்டமா இருந்துச்சு."

ஜுப்ரி போனில் யாரிடமோ கத்திக்கொண்டிருந்தான். அவன் முகத்தைப் பார்த்ததும் அத்திகா ஓரடி பின்வாங்கினாள். இப்போது கூடத் திரும்பிப் போகலாம். தனியாகப் போய் ஆற்றோரம் தேடலாம். எந்த ஆற்றோரம்? இந்த ஊரில் ஆறு எங்கேதான் வளையவில்லை? சொல்லிவிட்டால், அவன் உயிரோடு நன்றாக எங்கோ ஊதாத் திரைக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தால், அவள் கையாலேயே அவன் பிழைப்பை முறித்தவளாவாள். அதோடு எல்லோரும் பார்க்க அந்த வீட்டுக் கதவைத் தட்டவும் வேண்டும். சொல்லாவிட்டால்?

பாலத்தின் அந்தப் பக்கம் ஆற்றின் சத்தம் மாறியிருந்தது. காலையில் இருந்த சலசலப்பு இல்லை. கனமான எதையோ தரையில் இழுத்துப் போவது போன்ற ஒரு முனகல்.

"பாங் ஜுப்ரி" என்றாள். "அந்தப் புள்ளி பொய்."

ஜுப்ரி போனைக் காதிலிருந்து எடுத்தான்.

"அவரு துயுல் வச்சிருக்காரு. எனக்குத் தெரியும். ஸ்டேஷன்ல இல்ல. ஆத்தோரம் எங்கயோ இருக்காரு. அவரு போனுக்கு எச்சரிக்கை போயிருக்காது."

முதலில் வெடித்தவன் சாரோனிதான்.

"அடப்பாவி! காலையிலேர்ந்து கால் ஊறி ஊறி நின்னேனே! என் சவாரியா அது?"

"சாரோனி, வாய மூடு" என்றாள் வார்தி.

ஜுப்ரி அத்திகாவையே பார்த்தான். "எப்போலேர்ந்து?"

"போன மாசம்தான் பாத்தேன்."

"பாத்துட்டு, இங்க வந்து எங்ககூடக் காபி குடிச்சே."

அவள் தலையைக் குனியவில்லை. குனிந்தால் அழுகை வந்துவிடும். "திட்டுறதெல்லாம் அப்புறம் திட்டுங்க, பாங். டம்ளரை எடுத்துப் பூனைக்கு வையுங்க. இப்ப அவரைத் தேடணும்."

ஜுப்ரி கம்பியில் கவிழ்ந்திருந்த டம்ளர்கள் பக்கம் ஒரு முறை பார்த்தான். பிறகு, "எங்கன்னு தேடறது? உனக்கு எதாவது தெரியுமா?" என்றான்.

அதுதான் அவள் தாண்ட வேண்டிய இடம். எத்தனை ஆண்கள் நிற்கிறார்கள் என்று பார்க்காமல் வார்தியின் கையைப் பிடித்துக்கொண்டு அவளிடம் சொல்வதுபோலச் சொன்னாள்.

"அவரு யாரு வீட்டுக்கோ போறாரு, எம்போக். ஆத்தோரம். சட்டையில பலாப்பழ வாசனை அடிக்குது. பையில கேக் மாவு. சீஸு, முட்டையெல்லாம் போட்டது. அவ நல்லாச் செய்வா போலிருக்கு."

வார்தி புருவத்தைச் சுருக்கினாள்.

"மாவு வெந்ததா, பச்சையா?"

"என்ன?"

"வெந்த கேக்கா, பச்சை மாவான்னு கேக்கறேன்."

அத்திகா விரல்களை ஒன்றோடொன்று தேய்த்தாள். ஒட்டிய நினைவு விரலில் இருந்தது. "பச்சை."

வார்தி அவளைப் பார்த்தாள். அந்த நேரத்தில், அந்த மழையில், அவள் வாயோரம் சிரிப்பில் துடித்தது. "அடி பைத்தியமே! அது மீன் தூண்டில் மாவுடி. பலாப்பழ எசன்ஸு ஊத்தி, சீஸு, முட்டை போட்டுப் பிசைவானுங்க. என் புருஷன் வீட்டுல குழந்தைக்கு வாங்கி வச்ச சீஸை எல்லாம் கெண்டை மீனுக்குத்தான் ஊட்டுறான்."

அத்திகாவுக்குச் சட்டென்று விளங்கவில்லை. விளங்கியபோது ஊதாத் திரையும் வாயைப் பொத்திச் சிரித்தவளும் ஒரே நொடியில் இல்லாமல் போனார்கள். அந்த இடத்தில் நிம்மதி வரவில்லை. ஆறு வந்தது. இவ்வளவு நாளும் அவன் ஒரு வீட்டுக்குள் இருப்பதாக நினைத்திருந்தாள். வீட்டுக்குச் சுவர் உண்டு, படி உண்டு, மாடிகூட இருந்திருக்கலாம்.

"கால்சட்டையில துரு" என்றாள் அவசரமாக. "பின்பக்கம். உக்காந்து எழுந்த மாதிரி. ஒவ்வொரு தடவையும் எலுமிச்சம்பழம் தேச்சுத்தான் எடுப்பேன்."

ஜுப்ரி ஏற்கனவே ஹெல்மெட்டைக் கையில் எடுத்திருந்தான். "பழைய மதகு" என்றான். "ரயில் பாலத்துக்குக் கீழ. தண்ணிக்குள்ள இரும்பு மேடை ஒண்ணு நிக்கும். சின்ன வயசுல நானும் அங்க உக்காந்துதான் பிடிப்பேன். சாரோனி, இழுக்கிற கயித்த எடு."

"நான் எதுக்கு? என் சவாரியத் திருடினவனுக்கு..."

"எடுடா!"

சாரோனி எடுத்தான். திட்டிக்கொண்டேதான் எடுத்தான், ஆனால் மற்ற எல்லோரையும்விட முதலில் பைக்கைக் கிளப்பியதும் அவன்தான்.

வார்தியின் பின்னால் உட்கார்ந்து போகும்போது அத்திகா போனைத் திறந்து பார்த்தாள். பழக்கம். புள்ளி ஸ்டேஷன் வாசலில் மெலிந்த முகத்தோடு சிரித்துக்கொண்டிருந்தது. தண்டவாளத்தைக் கடந்து சந்துகளுக்குள் இறங்கியபோது எதிரே ஆட்கள் பாய்களும் கோழிக்கூண்டுகளுமாக மேட்டை நோக்கி வந்துகொண்டிருந்தார்கள். இவர்கள் மட்டும் கீழே போனார்கள்.

சந்து முடிந்த இடத்தில் ஒரு கொய்யா மரம். அதன் அடியில் ரோஜாலியின் பைக். ஆள் இல்லை. அத்திகா மறுபடியும் அவனை அழைத்தாள். கைப்பிடியில் கட்டியிருந்த பிளாஸ்டிக் உறைக்குள்ளிருந்து மணி அடித்தது. அவளுக்கென்று அவன் வைத்திருந்த பாட்டு. நனையாமல், சார்ஜ் குறையாமல், பத்திரமாக இருந்தது அந்தப் போன். இதுவரை அவள் அழைத்ததெல்லாம் இந்தக் கொய்யா மரத்தைத்தான்.

"ரோஜாலீ!" என்று ஜுப்ரி கத்தினான்.

ஆற்றைப் பார்க்கவே அவளுக்குத் தைரியம் வரவில்லை. பார்த்தாள். பழுப்புத் தண்ணீர். அதில் மூங்கில், வாழைத்தண்டு, கதவு ஒன்று, தெர்மாகோல் பெட்டி. கரைக்கும் மதகுக்கும் இடையே இருந்த கல்படிகள் மறைந்துவிட்டன. இரும்பு மேடையும் மறைந்துவிட்டது. மதகின் மேல் சட்டம் மட்டும் தண்ணீருக்கு மேல் நின்றது. அதில் பச்சையாக ஏதோ மாட்டிக்கொண்டிருந்தது.

பச்சைச் சட்டை. அது கையை அசைத்தது.

"பிடிச்சுக்க! விட்டுறாதே!" என்றான் ஜுப்ரி. பிறகு தனக்குள் சொல்வதுபோல, "இவன் விடமாட்டான், தூண்டிலையே விடல பாரு" என்றான். உண்மையாகவே ரோஜாலி ஒரு கக்கத்தில் தூண்டில் கழியை இடுக்கியிருந்தான்.

கயிற்றின் நுனியில் சவாரிக்காரர்களுக்கான ஹெல்மெட்டைக் கட்டினார்கள். மிதக்கும், கனமும் இருக்கும். மறுநுனியைக் கொய்யா மரத்தில் சுற்றினார்கள். ஜுப்ரி எறிந்தது பாதியில் விழுந்தது. மறுபடி எறிந்ததை ஆறு இழுத்துப் போயிற்று. ஒரு பெரிய மரக்கிளை சுழன்று வந்து மதகில் மோத, சட்டம் முழுதும் அதிர்ந்தது. வார்தியின் தோளைப் பிடித்திருந்த அத்திகாவின் நகங்கள் மழைச்சட்டையைக் கிழித்திருந்ததை வார்தி அப்புறம்தான் காட்டினாள்.

"குடுங்க இங்க" என்று சாரோனி கயிற்றைப் பிடுங்கினான். வாலிபால் ஆடுகிறவன். ஈரக் கயிற்றை வளையமாகச் சுருட்டி, கையைப் பின்னால் கொண்டுபோய், உடம்பு முழுவதையும் அதோடு சேர்த்து எறிந்தான். ஹெல்மெட் சட்டத்தைத் தாண்டி விழுந்து தண்ணீரோடு திரும்பி வந்தது. ரோஜாலி எட்டிப் பிடித்தான். தூண்டில் அப்போதுதான் கக்கத்தைவிட்டுப் போயிற்று.

அந்த நேரம் பார்த்து, கொய்யா மரத்தடியில் ரோஜாலியின் போன் உற்சாகமாகக் கூவியது. ஸ்டேஷன் தெற்கு வாசலில் ஒரு பயணி காத்திருக்கிறார்.

"பாருங்க!" என்று அலறினான் சாரோனி, கயிற்றை இழுத்துக்கொண்டே. "இப்பவும் இவனுக்குத்தான் வருது!"

இழுத்தார்கள். அத்திகாவும் இழுத்தாள். ஒரு முறை அவன் தலை தண்ணீருக்குள் போனது. கயிற்றின் கனம் மட்டுமே அவன் இருக்கிறான் என்பதற்கு அடையாளமாக இருந்தது. அந்தக் கனம் குறையக் கூடாது, குறையக் கூடாது என்று அவள் உதடு முணுமுணுத்தது. வேறு எந்தப் பிரார்த்தனையும் அவளுக்கு நினைவு வரவில்லை. பிறகு தலை வந்தது, தோள் வந்தது. ஜுப்ரி இடுப்பளவு தண்ணீரில் இறங்கிச் சட்டைக் காலரைப் பிடித்தான்.

கரையில் கிடந்து ரோஜாலி தண்ணீராகக் கக்கினான். முழங்கை கிழிந்திருந்தது. முகம் சாம்பல் நிறத்தில் இருந்தது. எழுந்து உட்கார்ந்ததும் அத்திகாவைப் பார்த்தான், அவள் பின்னால் நின்ற கூட்டத்தைப் பார்த்தான், எல்லாம் தெரிந்துவிட்டது என்று புரிந்து கண்ணைத் தாழ்த்திக்கொண்டான்.

"கத்தினேன். யாருக்கும் கேக்கல" என்றான்.

"மீன் எங்கடா?" என்றாள் வார்தி. "உன் பொண்டாட்டி உனக்கு ஆத்தோரம் இன்னொரு குடும்பமே வச்சுக் குடுத்துட்டா. கேக்கெல்லாம் செய்வாளாம் அவ."

ரோஜாலிக்குப் புரியவில்லை. அத்திகா தன் தலைத்துணியை அவிழ்த்து உதறி அவன் முழங்கையில் சுற்றினாள். உள்தொப்பியோடு மழையில் நின்றாள். ஈரத் துணி வழுக்க, மறுபடியும் முடிச்சுப் போட்டாள்.

"ஏன் சொல்லல?" என்றாள். "மீன் பிடிக்கறதுல என்ன இருக்கு? சொல்லியிருக்கலாமே."

குளிரில் அவன் பற்கள் தந்தியடித்தன. "சொன்னா நீ அங்கயும் பாப்பே." வாயில் வந்த ஆற்று நீரைத் துப்பினான். "கோபமா சொல்லல திகா. சவாரிக்காரன் பாக்கறான் நான் எங்க வர்றேன்னு. கம்பெனி பாக்குது. பேஸ்கேம்ப் பாக்குது. யாரும் பாக்காம கொஞ்ச நேரம் உக்காரணும்னு இருந்துச்சு. அவ்வளவுதான். மீன்கூட ஒண்ணும் பெருசா மாட்டல."

'நீயும்' என்று அவன் சேர்க்காமல் விட்டது அவளுக்குக் கேட்டது. புள்ளி பாலத்தைத் தாண்டியதும் சட்டி ஏற்றியது, சுரங்கப்பாதையில் நின்றால் துணி மடித்தது, எல்லாவற்றையும் அவள் அன்பென்றே எண்ணி வந்தாள். அன்பு இல்லை என்று இப்போதும் சொல்ல முடியவில்லை. ஆனால் அதன் மறுபக்கத்தில் ஒருவன் ஒளிய இடம் தேடிக்கொண்டிருந்திருக்கிறான்.

ஜுப்ரி பைக்கிலிருந்த போனை எடுத்து வந்து ரோஜாலியின் மடியில் போட்டான். "முதல்ல அதை அணை."

ரோஜாலி ஈர விரலைச் சட்டையில் துடைத்தான். சட்டையும் ஈரம். அத்திகாதான் தன் உள்ளங்கையால் திரையைத் துடைத்துக் கொடுத்தாள். அவன் துயுலைத் திறந்தான். ஊசி ஸ்டேஷன் வாசலில் குத்தி நின்றது. அதை நிறுத்தினான்.

அவள் போனில், பச்சைப் புள்ளி ஒரு கணம் எங்கேயும் இல்லை. பிறகு தண்டவாளத்தைத் தாண்டிக் குதித்து, ஆற்றின் நீலக் கோட்டை ஒட்டி, அவள் புள்ளியின்மேலேயே வந்து விழுந்தது.

உடனே அவன் கையிலிருந்த போன் அலறியது. நீங்கள் ஆற்றங்கரையில் இருக்கிறீர்கள். உடனே மேட்டுக்குப் போகவும்.

எல்லோரும் அதையே பார்த்துக்கொண்டு நின்றார்கள். தண்ணீர் கொய்யா மரத்தின் வேரைத் தொட்டிருந்தது.

"சொல்றதைக் கேளு" என்றான் ஜுப்ரி. "ஏறு மேல." நாலடி போய்த் திரும்பினான். "நாளைக்கு பேஸ்கேம்புக்கு வா. எல்லார் முன்னாடியும் உன் வாயால சொல்லு. சாரோனிகிட்ட தனியாச் சொல்லு. டம்ளர் விஷயம் அதுக்கப்புறம். பூனைக்கு ஒண்ணும் அவசரமில்ல."

சாரோனி கயிற்றைச் சுருட்டிக்கொண்டிருந்தான். ரோஜாலியின் முகத்தை அவன் பார்க்கவில்லை.

ரோஜாலியின் பைக்கை அத்திகாதான் ஓட்டினாள். அவன் பின்னால் உட்கார்ந்து, காயமில்லாத கையால் அவள் இடுப்பைப் பிடித்துக்கொண்டான். சந்தின் மேட்டில் ஏறும்போது அவன் உடம்பின் நடுக்கம் அவள் முதுகெல்லாம் பரவியது. உயிரோடிருக்கிறான், இதோ இருக்கிறான் என்று ஒவ்வொரு நடுக்கமும் சொன்னது. அதோடு, ஆற்றுத் தண்ணீர் இவ்வளவு கழுவியும் போகாமல், பலாப்பழ வாசனை. ஒரு பாவமும் அறியாத வாசனைதான். ஆனாலும் அது அவளுக்கு இன்னும் கோபத்தைத்தான் தந்தது.

"வீட்டுக்கு எந்தப் பக்கமாப் போறே?" என்று அவன் அவள் தோளுக்கருகில் கேட்டான்.

"தெரியல. தண்ணி எங்க இருக்குன்னு பாத்துத்தான் போகணும்" என்றாள். போன் அவள் சட்டைப் பையில் இருந்தது. அதை எடுக்காமல், ரோட்டைப் பார்த்து ஓட்டினாள்.